விதைக் கணக்கு – 9: நாணலுக்குப் படியளந்தவர்கள்

2018 அக்டோபரில் 'நேச்சர் ஜெனடிக்ஸ்' ஆய்விதழில் ஒரு நாணலின் மரபணுத்தொகுதி வெளிவந்தது. ஆலைக்கும் வெல்லக் கொப்பரைக்கும் ஒருநாளும் போகாத, ஆற்றோரத்தில் தானாக முளைத்துக் கிடக்கும் காட்டு நாணல் அது. தாவரவியலார் சக்காரம் ஸ்பான்டேனியம் என்பார்கள். கரும்புக்குப் பங்காளி முறை. ஆய்வை முன்னின்று நடத்தியது சீனாவின் ஃபூஜியன் வேளாண்மை, வனவியல் பல்கலைக்கழகத்தை மையமாகக் கொண்ட பன்னாட்டுக் குழு. அவர்கள் படித்த செடிக்கு ஏ.பி.85-441 என்று பெயர். ஒரு நாணலின் மகரந்தப்பையைச் சோதனைக்கூடத்தில் வளர்த்து, தாய்ச்செடியின் 64 குரோமோசோம்களில் பாதியான 32 மட்டும் உள்ளதாக உண்டாக்கிய செடி. அந்தத் தாய்ச்செடியின் பெயர் எஸ்.இ.எஸ். 208.

எஸ்.இ.எஸ். என்பது ஸ்பான்டேனியம் எக்ஸ்பெடிஷன் ஸ்கீம் என்பதன் சுருக்கம். விடுதலையை ஒட்டிய ஆண்டுகளில், கோவைக் கரும்பு இன விருத்தி நிலையத்தின் விஞ்ஞானிகள் நாடெங்கும் அலைந்து காட்டு நாணல்களைத் திரட்டிய திட்டம் அது. நம் மக்கள் பணத்தில் தோண்டி எடுத்த ஒரு கிழங்குக் குத்து, எழுபது ஆண்டுகள் கழித்து உலகின் முன்னணி இதழில் வேறொரு நாட்டின் சாதனையாக அச்சேறியது. அந்தச் சீனக் குழுவின் உழைப்பை நான் குறைத்துச் சொல்லவில்லை. அது அருமையான பணி. நாணலைத் தேடிப்போகப் பணம் கொடுத்த நாம், அதைப் படிக்கும் காலம் வந்தபோது ஏன் கொடுக்கவில்லை என்பதே இந்த வாரக் கேள்வி. விடை தேட 1912-க்குப் போக வேண்டும்.

அன்று இந்தியா கரும்பு நிறைய விளைவித்தது, சர்க்கரைக்கு ஜாவாவைப் பார்த்தது. ஆண்டுதோறும் லட்சக்கணக்கான டன் ஜாவா சர்க்கரை வந்து இறங்கியது. கரும்புப் பரப்பில் பெரும்பகுதி வட இந்தியாவில். அங்கே விளைந்ததோ விரல் தடிமன் உள்ள, சாறு குறைந்த ஒல்லிக் கரும்பு. அதைச் சீர்திருத்த வேண்டுமானால் கரும்பைப் பூக்கவைத்து, விதை பிடிக்கவைத்து, கலப்புச் செய்ய வேண்டும். கரும்பு விதையிலிருந்தும் முளைக்கும் என்பதே 1880களின் இறுதியில்தான் ஜாவாவிலும் பார்படோஸிலும் உறுதியாகியிருந்தது. வடக்கின் குளிரில் கரும்பு சரியாகப் பூப்பதில்லை. பூத்தாலும் மகரந்தம் மலடாகப் போகும். கோவையில் அந்தச் சிக்கல் இல்லை. பாலக்காட்டுக் கணவாயின் ஈரக்காற்றும் மிதமான குளிரும் உள்ள இந்த ஊரில் ஐப்பசி, கார்த்திகையில் கரும்பு தாராளமாகக் கதிர் விடும், வளமான மகரந்தமும் தரும். சுற்றுவட்டாரத்தில் காட்டு நாணலும் உண்டு. பஞ்சாபுக்கும் பீகாருக்கும் வேண்டிய கரும்பை உருவாக்கக் கோவையில் நிலையம் அமைந்தது இதனால்தான். சார்லஸ் ஆல்ஃபிரட் பார்பர் அதன் முதல் கரும்பு வல்லுநர். அவருக்கு உதவியாளராக இருந்து, பின்னர் அந்தப் பொறுப்பையே ஏற்றவர் டி.எஸ். வெங்கட்ராமன்.

இவர்கள் செய்த துணிச்சலைப் புரிந்துகொள்ள வேண்டும். சர்க்கரைக்காக ஆராய்ச்சி செய்கிறவர், சர்க்கரையே இல்லாத நாணலைக் கலப்புக்கு எடுக்கிறார். காரணம் தெளிவானது. தடித்த கரும்பில் இனிப்பு உண்டு, வட இந்தியப் பனியையும் வறட்சியையும் தாங்கும் திராணி இல்லை. நாணலிடம் இனிப்பு இல்லை, தாங்கும் திராணி உண்டு. 'வெள்ளை' என்ற தடித்த ரகத்தோடு கோவை நாணலைக் கலந்து பிறந்ததுதான் கோ 205. 1918இல் பஞ்சாபுக்காக வெளிவந்தது. காட்டு நாணலின் இரத்தம் நேரடியாக ஓடிய வணிகக் கரும்பு அது. 'கோ' என்ற எழுத்து கோயம்புத்தூரைக் குறிக்கும். அன்று முதல் இன்றுவரை அந்த நிலையத்து ரகங்களுக்கு அதுவே முன்னொட்டு.

இதற்குப் படியளந்தது அரசுக் கருவூலம். உடனே லாபம் கேட்காத பணம். விதையிலிருந்து முளைக்கும் ஒவ்வொரு கரும்பு நாற்றும் தனிப்பிறவி. பெற்றோரைப் போலவும் இருக்காது, உடன்பிறப்பைப் போலவும் இருக்காது. பல ஆயிரம் நாற்றுகளை நட்டு, கழித்து, மறுபடி நட்டு, மறுபடி கழித்து ஒன்றைத் தேர்ந்தெடுக்கப் பத்து ஆண்டுகள்கூட ஆகும். தேர்ந்தெடுத்த பிறகு வேலை சுலபம். கரணை வெட்டி நட்டால் அதே செடிதான் பெருகும். ஆகவே கரும்பு ஆராய்ச்சியில் செலவெல்லாம் முன்னால், வரவெல்லாம் பின்னால். இதை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

1920களில் அரசு நேரடியாகக் கொடுப்பது போக, பயிரே தன் ஆராய்ச்சிக்குப் பணம் தரட்டும் என்ற யோசனை வலுப்பெற்றது. முதலில் வந்தது பருத்தி. 1923இன் பருத்தித் தீர்வைச் சட்டம் ஒவ்வொரு பொதிக்கும் சில அணாக்களை வரியாக எடுத்து, இந்திய மத்தியப் பருத்திக் குழுவிடம் கொடுத்தது. பஞ்சாலை ஊரான கோவையின் பருத்தி ஆய்வுகளுக்கும் அந்தக் குழுவின் பணம் உதவியது. அடுத்து, லின்லித்கோ தலைமையிலான வேளாண்மை அரசக் குழு 1928இல் பரிந்துரைத்தபடி 1929இல் இம்பீரியல் வேளாண் ஆராய்ச்சிக் கழகம் பிறந்தது. இன்றைய இந்திய வேளாண் ஆராய்ச்சிக் கழகத்தின் முன்னோடி. ஆண்டு முடிந்தால் செலவாகாத தொகை கருவூலத்துக்குத் திரும்பிப் போய்விடும் என்ற அரசுக் கணக்குமுறை ஆராய்ச்சிக்கு ஒத்துவராது என்பதை அரசக் குழு அன்றே உணர்ந்திருந்தது. காலாவதியாகாத ஒரு நிதியை, 50 லட்சம் ரூபாய் அளவில் கேட்டது. 1928இல் 50 லட்சம்!

சர்க்கரைக்கு நல்ல காலம் 1932இல் வந்தது. அவ்வாண்டு சர்க்கரைத் தொழில் பாதுகாப்புச் சட்டம் இறக்குமதிச் சர்க்கரைமீது ஹண்டர்வெயிட்டுக்கு 7 ரூபாய் 4 அணா தீர்வை போட்டது. முப்பதைச் சுற்றி இருந்த நவீன ஆலைகள் நான்கைந்து ஆண்டுகளில் 130-ஐத் தாண்டின. ஜாவா சர்க்கரை மெல்ல மெல்ல மறைந்தது. பாடப்புத்தகங்கள் தீர்வையோடு நின்றுவிடுகின்றன. தீர்வை போட்டால் கதவு அடைபடுமே தவிர வயலில் கரும்பு தடிக்காது. அந்த ஆலைகளுக்கு அரைக்கக் கரும்பு தந்தவை கோ 205, கோ 213, கோ 312 போன்ற கோவை ரகங்கள். சட்டம் 1932இல் வந்தது. கரும்பு அதற்கு முன்பே தயாராக இருந்தது. இருபது ஆண்டுகள் பொறுமையாகப் படியளந்ததன் பலன் அது. தெற்குக்கு அடுத்த ஆண்டே கோ 419 வந்தது.

வெளிநாட்டுக் கதை இன்னும் சுவையானது. கோவையின் கோ 281, கோ 290 இரண்டும் லூசியானா, தென்னாப்பிரிக்கா என்று போயின. தென்னாப்பிரிக்காவின் நேட்டாலில் குளிரால் கரும்பு விதை பிடிக்காது. ஆகவே கோவையிலேயே கோ 421-ஐயும் கோ 312-ஐயும் கலந்து, விதையை நேட்டாலுக்கு அனுப்பினார்கள். அங்குள்ள மவுண்ட் எட்ஜ்கோம்ப் நிலையம் நாற்று வளர்த்துத் தேர்ந்தெடுத்தது. 1945இல் வெளியான அந்தக் கரும்பு என்கோ 310; நேட்டால்-கோயம்புத்தூர். தைவான், ஒக்கினாவா, அமெரிக்கா வரை அது பரவியது. 1860இல் மதராஸிலிருந்து 'ட்ரூரோ' கப்பலில் நேட்டால் கரும்புத் தோட்டங்களுக்குக் கூலிகளாக நம் மக்கள் போனார்கள். முக்கால் நூற்றாண்டு கழித்து அதே தோட்டங்களுக்குக் கோவையிலிருந்து விதை போனது. அந்த மவுண்ட் எட்ஜ்கோம்ப் நிலையத்தை நடத்தியது அங்குள்ள சர்க்கரைத் தொழிலே. தன் வருமானத்தில் தானே பங்கு எடுத்து வைத்தது. கோவை விதைக்கோ உரிமத்தொகை என்ற பேச்சே இல்லை. அன்று உலகமே அப்படித்தான் விதையைப் பகிர்ந்துகொண்டது, அதில் எனக்குக் குறை இல்லை.

இனி, இந்தத் தொடரில் நான் அதிகம் எழுத விரும்பும் பெயர். தலச்சேரியில் 1897இல் பிறந்த இ.கே. ஜானகி அம்மாள். சென்னையில் கற்பித்துக்கொண்டிருந்தவரை அமெரிக்காவின் மிச்சிகன் பல்கலைக்கழகத்துக்குக் கொண்டுபோனது ஒரு நல்கைதான். லீவை பார்பர் என்ற செல்வர் ஆசியப் பெண்களின் படிப்புக்காக 1917இல் ஏற்படுத்திய உதவித்தொகை. (கோவை பார்பருக்கும் இவருக்கும் தொடர்பில்லை.) 1925இல் முதுகலை, 1931இல் டாக்டர் பட்டம். தாவரவியலில் அத்தகைய பட்டம் பெற்ற முதல் இந்தியப் பெண்களில் ஒருவர். 1934இல் கோவைக் கரும்பு நிலையத்தில் மரபியல் அறிஞராகச் சேர்ந்தார்.

அவர் வந்தபோது நிலையத்தில் கண்ணுக்குத் தெரியும் குணங்களை வைத்துக் கலப்பு நடந்துகொண்டிருந்தது. அவர் நுண்ணோக்கிக்கு அடியில் குரோமோசோம்களை எண்ணினார். வெங்கட்ராமன் கரும்பைச் சோளத்தோடும் மூங்கிலோடும் கலந்து பார்த்துக்கொண்டிருந்தார். சீக்கிரம் முதிரும் கரும்பு கிடைக்காதா என்ற ஆசை. அந்தக் கலப்புகள் உண்மையிலேயே கலப்புகள்தானா, எந்தக் குரோமோசோம் எங்கிருந்து வந்தது என்று சொல்ல ஜானகி அம்மாள் போன்ற ஒருவர் தேவைப்பட்டார். 1938இல் கரும்பும் மக்காச்சோளமும் கலந்த செடியைப் பற்றி 'நேச்சர்' இதழில் எழுதினார். கரும்பின் மரபணுத்தொகுதியை உறுப்பு உறுப்பாகப் பார்க்க முயன்ற வேலை கோவையில் 1930களிலேயே தொடங்கிவிட்டது என்று நான் தயங்காமல் சொல்வேன். ஐந்து ஆண்டுகளில் அவர் இங்கிலாந்து போய்விட்டார். ஜான் இன்னஸ் நிறுவனத்தில் சி.டி. டார்லிங்டனோடு சேர்ந்து, பயிர்களின் குரோமோசோம் எண்களைத் தொகுத்த பெருநூலை 1945இல் வெளியிட்டார். நேரு அழைத்து 1951இல் திரும்பி வந்தார். கோவையில் அவர் தொடர்ந்திருந்தால் என்னென்ன நடந்திருக்கும் என்று நினைக்கும்போதெல்லாம் மனம் கனக்கிறது.

குரோமோசோம் எண்ணிக்கைதான் நாணல் தேடலுக்கு வழி காட்டியது. தடித்த கரும்பில் 80 குரோமோசோம் என்று ஜாவாவில் ப்ரெமர் எண்ணியிருந்தார். நாணலிலோ ஓரிடத்துச் செடிக்கு ஓர் எண். எந்தச் செடியில் எந்த நோய் எதிர்ப்பு ஒளிந்திருக்கிறது என்று தெரியாது. எல்லாவற்றையும் திரட்டினால்தான் தெரியும். 1944இல் இந்திய மத்தியக் கரும்புக் குழு அமைந்திருந்தது. அரசு, ஆலை, உழவர் மூன்று தரப்பும் ஒரே மேசையில் அமர்ந்து கரும்பு ஆராய்ச்சிக்கு எதைச் செலவிடுவது என்று பேசிய அமைப்பு. அதன் காலத்தில் நடந்ததுதான் ஸ்பான்டேனியம் தேடல் திட்டம். இமயமலை அடிவாரம் முதல் தென்முனை வரை குத்துக் குத்தாகச் சேகரித்து, எண் போட்டு நட்டார்கள். ஆர்.ஆர். பஞ்சேவும் சி.என். பாபுவும் 1960இல் வெளியிட்ட ஆய்வு, நாணலின் குரோமோசோம் எண் 40 முதல் 128 வரை போவதையும், குறைந்த எண்கள் இந்தியாவில் காணப்படுவதையும், மேற்கே ஆப்பிரிக்கா வரை போகையில் எண் உயர்வதையும் காட்டியது. நாணலின் பிறந்தகம் இந்தியா என்று கருத அது வலுவான சான்று. எந்த ஆலை முதலாளியும் அடுத்த அறுவடைக்கு அதனால் ஒரு மூட்டை கூடும் என்று எதிர்பார்த்திருக்க முடியாது. இருந்தும் மேசையில் இருந்தவர்கள் பணம் விட்டார்கள்.

1960களின் நடுவில் பயிர்வாரிக் குழுக்கள் கலைக்கப்பட்டன. ஆராய்ச்சி முழுவதும் இந்திய வேளாண் ஆராய்ச்சிக் கழகத்தின் கீழ் வந்தது. கோவை நிலையம் 1969இல். நிர்வாகத்துக்கு இது நல்லது. சிதறிக் கிடந்த நிலையங்கள் ஒரு குடையின் கீழ் வந்தன, விஞ்ஞானிகளுக்குப் பணிப் பாதுகாப்பு கிடைத்தது. ஆனால் உழவரும் ஆலையும் கூடிப் பேசிய அந்த மேசை போய்விட்டது. கரும்பு தரும் வரிக்கும் கரும்புக்குத் திரும்பும் ஆராய்ச்சிக்கும் இருந்த கண்ணுக்குத் தெரியும் உறவும் அறுந்தது.

1982இல் அந்த உறவைப் புதுப்பிக்க ஒரு வாய்ப்பு வந்தது. சர்க்கரைத் தீர்வைச் சட்டமும் சர்க்கரை வளர்ச்சி நிதிச் சட்டமும் சேர்ந்து வந்தன. ஒவ்வொரு குவிண்டால் சர்க்கரைக்கும் ஒரு தொகை நிதிக்குப் போகும். ஆராய்ச்சித் திட்டங்களுக்கு அதிலிருந்து மானியம் தரலாம் என்று சட்டத்திலேயே இருந்தது. தந்தார்கள்தான், ஆனாலும் நிதியின் பெரும்பங்கு ஆலைகளின் நவீனமயமாக்கல், மின் உற்பத்தி, எத்தனால் ஆகியவற்றுக்கான கடனாகப் போனது. குவிண்டாலுக்கு 24 ரூபாயாக இருந்த தீர்வை 2016இல் 124 ரூபாயாக ஏறியது, நெருக்கடியில் இருந்த தொழிலைக் கைதூக்கிவிட. 2017 ஜூலை 1இல் ஜி.எஸ்.டி. வந்தபோது தீர்வையே ரத்தானது. கரும்பு ஆராய்ச்சிக்கென்று ஒரு துளியைத் தனியே எடுத்துவைக்கும் ஏற்பாடு அந்த மாற்றத்தில் இடம்பெறவில்லை.

மரபணுத்தொகுதி ஆய்வு இந்தக் காலத்தில்தான் உலகில் சூடுபிடித்தது. பிரேசிலின் சாவ் பாவ்லோ மாநிலத்தைப் பாருங்கள். அம்மாநில அரசியலமைப்பே வரி வருவாயில் 1 விழுக்காட்டை ஃபாபெஸ்ப் என்ற ஆராய்ச்சி அறக்கட்டளைக்கு ஒதுக்குகிறது. எந்தக் கட்சி ஆண்டாலும் அது வரும். அந்தப் பணத்தில் 1990களின் இறுதியில் சுசெஸ்ட் என்ற கரும்பு மரபணுத் திட்டம் தொடங்கியது; கோபர்சுகார் என்ற ஆலைகள் கூட்டுறவும் பங்கு போட்டது. மாநிலமெங்கும் உள்ள கூடங்கள் வேலையைப் பகிர்ந்துகொண்டு ஏறத்தாழ 2,38,000 மரபணுத் துணுக்குகளைப் படித்தன. இளம் ஆய்வாளர்களின் ஒரு தலைமுறையே அதில் தேர்ந்து வந்தது.

கரும்பு சாமானிய வேலையும் இல்லை. மனிதனின் மரபணுத்தொகுதி சுமார் 300 கோடி எழுத்து. இன்றைய கலப்பினக் கரும்பினுடையது சுமார் 1,000 கோடி. நெல்லில் ஒவ்வொரு குரோமோசோமும் இரண்டிரண்டு. கரும்பில் ஒரே குரோமோசோமின் எட்டுப் பத்துப் பிரதிகள், ஒன்றுக்கொன்று கொஞ்சம் கொஞ்சம் மாறி. பத்துச் சகோதரர்களின் ஜாதகங்களைக் கிழித்து ஒரே மூட்டையில் கொட்டிவிட்டு, யாருடையது எது என்று கண்டுபிடித்து ஒட்டச் சொல்வது போன்ற வேலை. மொத்தம் நூறைத் தாண்டும் குரோமோசோம்களில் ஒரு பகுதி நாணலிலிருந்து வந்தது. நோயையும் வறட்சியையும் தாங்கும் குணம் பெரும்பாலும் அந்தப் பக்கத்துச் சொத்து. ரீயூனியன் தீவின் ஆர் 570 என்ற ரகத்தின் முதல் வரைவு 2018இல், முழுமையான வடிவம் 2024இல் 'நேச்சர்' இதழில். பிரான்சின் சிராட், அமெரிக்க எரிசக்தித் துறையின் மரபணு நிலையம், ஆஸ்திரேலியக் கரும்பு ஆராய்ச்சி அமைப்பு என்று பலர் ஆண்டுக்கணக்காகப் படியளந்த வேலை அது.

கோவை விஞ்ஞானிகள் கைகட்டி நிற்கவில்லை. நாணலுக்கு உறவான எரியாந்தஸ் புல்லிலிருந்து வறட்சி தாங்கும் மரபணுக்களை எடுத்துக் கோ 86032 கரும்பில் சேர்த்துச் சோதித்திருக்கிறார்கள். கண்ணூரில் உள்ள அவர்களது நிலையம் உலகின் இரண்டு பெரும் கரும்பு இனச் சேகரிப்புகளில் ஒன்றைக் காக்கிறது, மற்றது அமெரிக்காவில். சேகரிப்பைக் காப்பது புகழ் தராத வேலை. ஒவ்வொரு இனத்தையும் குறித்த காலத்தில் மறுநடவு செய்யாவிட்டால் அது செத்துவிடும், பிறகு எந்த நல்கையாலும் மீட்க முடியாது.

குறை ஆட்களிடம் இல்லை, பணம் வரும் முறையில் இருக்கிறது. இன்றைய ஆய்வு நல்கைகள் பெரும்பாலும் மூன்று ஆண்டுக்கானவை. மூன்று ஆண்டில் கரும்பில் ஒரு கலப்புச் செய்து, நாற்று வளர்த்து, முதல் கழிப்பை முடிக்கலாம். செவ்வழுகல் நோயை எதிர்க்கும் குறியீட்டை டி.என்.ஏ.வில் கண்டுபிடித்து, அதை வைத்து ரகம் தேர்ந்து, ஆலைப் பகுதியில் நட்டுப் பார்க்கப் பத்துப் பன்னிரண்டு ஆண்டு வேண்டும். நடுவில் நல்கை முடிந்தால் ஒப்பந்த ஆய்வாளர் போய்விடுவார், பாதி அறிவு அவரோடு போய்விடும். அடுத்த திட்டத்தில் 'புதுமை' கேட்பார்கள். பழைய வேலையைத் தொடர்கிறேன் என்றால் மதிப்பெண் குறையும். 1928இல் அரசக் குழு காலாவதியாகாத நிதி கேட்ட காரணம் அப்படியே நிற்கிறது.

இது வெறும் ஆய்வகக் கவலை என்று கொங்கு விவசாயி ஒதுங்க முடியாது. அப்பக்கூடல், சத்தியமங்கலம் ஆலைகளுக்கும், கவுந்தப்பாடியில் நாட்டுச்சர்க்கரை காய்ச்சுகிறவர்களுக்கும் போகும் கரும்பில் பெரும்பகுதி கோ 86032 என்ற ஒரே ரகம். 2000இல் வந்த ரகம். கால் நூற்றாண்டாகக் காப்பாற்றிக்கொண்டிருக்கிறது. வடக்கே கோ 0238 இப்படித்தான் உத்தரப் பிரதேசத்தின் வயல்களை நிறைத்தது, விவசாயிக்கும் ஆலைக்கும் பணம் கொட்டியது. பிறகு செவ்வழுகல் அந்த ரகத்தைப் பிடித்தது. பரப்புப் பரப்பாகத் தோட்டங்கள் காய்ந்தன. கரணையில் பெருகும் பயிரில் ஒரு செடிக்கு வந்தது எல்லாச் செடிக்கும் வரும். கோ 86032-க்கு மாற்று தயாராக இருக்க வேண்டுமானால் அதற்கான கலப்பு இப்போதே வயலில் நிற்க வேண்டும்.

தீர்வை திரும்ப வேண்டும் என்று நான் கேட்கவில்லை. கரும்பு தரும் ஜி.எஸ்.டி.யில், எத்தனால் வருமானத்தில், ஒரு சிறு பங்கைச் சட்டப்படி கரும்பின் மரபியலுக்கு ஒதுக்கலாம். பத்தாண்டுக்கு ஒருமுறை கணக்குக் கேட்கும் நிதியாக. உழவரும் ஆலையும் விஞ்ஞானியும் ஒரே மேசையில் அமர்ந்து அதைப் பங்கிடலாம். கண்ணூர்ச் சேகரிப்பின் நாணல்கள் எல்லாவற்றையும் வரிசைப்படுத்திப் படிக்கும் வேலையை அதன் முதல் செலவாக வைக்கலாம். எழுத்து ஒன்றைப் படிக்கும் செலவு 2001இல் இருந்ததைவிட இன்று பல ஆயிரம் மடங்கு குறைந்துவிட்டது. எஸ்.இ.எஸ். 208-இன் உடன்பிறப்புகளான மற்ற எஸ்.இ.எஸ். எண்கள் எத்தனையோ இன்னும் படிக்கப்படாமல் நிற்கின்றன.

அடுத்த வாரம் லாலி ரோட்டின் மறுபக்கம், வேளாண்மைப் பல்கலைக்கழகத்து நெல்வயலுக்குப் போகிறோம். 1984இல் நியூயார்க்கின் ராக்ஃபெல்லர் அறக்கட்டளை நெல் உயிரித் தொழில்நுட்பத்துக்காகத் திறந்த பணப்பை பதினேழு ஆண்டுகள் மூடப்படவில்லை. கோவையில் வறட்சி தாங்கும் நெல்லைத் தேடியவர்களுக்கு அந்த நீண்ட கெடு என்ன செய்தது என்பதைப் பார்ப்போம்.

(தொடரும்)